ஸ்னோ கொட்டாத இரவில் ஏன் ரிக்கெற்?

கேள்வி:

வணக்கம் அண்ணா. நாங்கள் ரொறன்ரோவுக்குப் பக்கத்தில் மார்க்கம் நகரில் பதினாறு வருடமாக இருக்கிறோம். ஒற்றைக் கராஜ் வீடு. ட்ரைவ்வேயில் இரண்டு வாகனம் நிற்கும். இவருடைய வானும் என்னுடைய காரும் அங்கே நிற்கின்றன. போன கோடையில் மகள் ஒரு கார் வாங்கினாள். ஒக்டோபரில் பேஸ்மென்ட்டை ஒரு தம்பிக்கு வாடகைக்குக் கொடுத்தோம், அவரிடமும் கார் இருக்கிறது. இந்த இரண்டும் வீதியில்தான் நின்றன.

இரவில் வீதியில் கார் விட்டதற்கு ஜனவரியில் மூன்று அபராத ரிக்கெற் வந்துவிட்டது. 9ஆம் திகதி மகளின் காருக்கு. அன்று ஸ்னோவே இல்லை. 16ஆம் திகதி தம்பியின் காருக்கு. "அன்ரி, நீங்கள்தானே வீதியில் விடலாம் என்று சொன்னீங்கள்" என்று கடதாசியை என் கையில் தந்துவிட்டார். அதற்குப் பிறகு மகள் இரவில் காரைத் தோழி வீட்டில் விட்டுவந்தாள். 22ஆம் திகதி இரவு எடுக்கப் போனால் குளிரில் பற்றறி செத்துக் கிடந்தது. காலையில் ஆள் வந்து பூஸ்ட் பண்ணுவதற்குள் மூன்றாவது ரிக்கெற்.

இரவில் கார் விடக்கூடாது என்று எங்கள் வீதியில் பலகைகூட இல்லை. எதிர்வீட்டுக்காரர்தான் போன் பண்ணிச் சொல்கிறார் என்று இவர் கோபமாக இருக்கிறார். முன்புல்லை வெட்டிக் கல்லுப் பதித்தால் இன்னொரு கார் விடலாம் என்றும் சொல்கிறார். மார்ச்சில் மாமியின் ஆட்டைத்திவசம். மொன்றியலில் இருந்து இரண்டு காரில் சொந்தக்காரர் வந்து தங்குவார்கள். ஸ்காபரோவில் தங்கச்சி வீட்டு வீதியில் இரவில் கார் நிற்கிறதே, எங்களுக்கு மட்டும் ஏன் இப்படி? ரிக்கெற்றுக்கு எதிராக வாதாடலாமா? கடதாசியில் 15 நாள் என்று போட்டிருக்கிறது.

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு வணக்கம்.

கடிதத்தை வாசித்ததும் திகதிகளைத்தான் முதலில் பார்த்தேன். இன்று ஜனவரி 29. உங்கள் கணக்குப்படி 9ஆம் திகதி ரிக்கெற்றுக்கு மீளாய்வு கேட்கும் 15 நாளும் முடிந்துவிட்டது. தம்பியின் ரிக்கெற்றுக்கு 31ஆம் திகதி வரை இருக்கிறது. பற்றறி செத்த இரவின் ரிக்கெற்றுக்கு பெப்ரவரி 7 வரை. இந்த மூன்றும் மூன்று மாதிரியான ரிக்கெற். ஒன்றாகக் கட்டி வாதாடப் போகாதீர்கள்.

வாதாடக்கூடியது கடைசி ரிக்கெற் மட்டும்தான். பூஸ்ட் பண்ணியவர் தந்த ரசீது இருக்குமல்லவா? அதில் நேரமும் காரின் இலக்கமும் இருக்கிறதா என்று பாருங்கள். மகள் இரவில் உதவிக்கு எடுத்த அழைப்பு அவளுடைய போனில் பதிவாகியிருக்கும், அதையும் படம் பிடித்து வையுங்கள். இவற்றோடு மீளாய்வு கேட்டு விண்ணப்பியுங்கள். முதலில் மீளாய்வு அலுவலர் ஒருவர் பார்ப்பார். ரிக்கெற்றை அப்படியே உறுதி செய்யவும், தொகையைக் குறைக்கவும், முழுவதுமாக நீக்கவும், கட்டுவதற்கு அவகாசம் கொடுக்கவும் அவருக்கு அதிகாரம் உண்டு. அவர் சொன்னது திருப்தி இல்லை என்றால் விசாரணை அலுவலரிடம் போகலாம். அவர் சொல்வதுதான் கடைசி. இது நீதிமன்றம் இல்லை, வக்கீல் தேவையில்லை. நடந்ததை நடந்தபடி நாலு வரியில் எழுதினால் போதும். கார் அசைய முடியாமல் நின்றது, அசைக்க முயற்சி செய்தோம், இதோ ரசீது. இதைச் சொல்லுங்கள். எதிர்வீட்டுக்காரர் பற்றியோ பலகை இல்லாதது பற்றியோ அதில் எழுதவேண்டாம்.

முதல் இரண்டுக்கும் "அன்று ஸ்னோ இல்லை" என்று எழுதினால் பயன் இல்லை. அதைக் கட்டிவிடுங்கள். நகரசபையில் பைலோ அலுவலராக, அதாவது நகரசபை விதிகளை மீறினால் ரிக்கெற் எழுதுபவராக, பன்னிரண்டு வருடம் வேலை செய்தவன் நான். குளிர்காலத்தில் அதிகம் கேட்ட வாசகம் இதுதான். சொல்பவர்கள் பொய் சொல்வதில்லை, உண்மையிலேயே வானம் தெளிவாக இருந்திருக்கும். ஆனால் விதியில் ஸ்னோ என்ற சொல்லே இல்லை. மார்க்கத்தில் இரவு 2 மணியில் இருந்து காலை 6 மணி வரை வீதியில் வாகனம் நிற்கக்கூடாது. ஜூலையிலும் அதே விதிதான். மிசிசாகாவிலும் பிராம்ப்டனிலும் இதே 2 முதல் 6 வரைதான். கோடையில் அவ்வளவாகக் கண்ணில் படாததால் நம் ஆட்கள் பலர் இதைக் குளிர்கால விதி என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

தங்கச்சி வீட்டு வீதி ரொறன்ரோ மாநகரத்துக்குள் வருகிறது. அங்கே வேறு கணக்கு. பலகை எதுவும் இல்லாத வீதியில் ஒரே இடத்தில் 3 மணித்தியாலத்துக்கு மேல் நிற்கக்கூடாது என்பது அங்குள்ள பொது விதி. அது இரவுக்கும் சேர்த்துத்தான். சில பகுதிகளில் காசு கட்டி அனுமதி எடுத்தவர்கள் இரவில் விடலாம். பெரும் பனிப்புயல் என்று மாநகரம் அறிவித்தால் ஸ்னோ ரூட் என்று குறித்த பெரிய வீதிகளில் 72 மணித்தியாலத்துக்கு யாரும் விட முடியாது. தங்கச்சி வீட்டு வாசலில் கார் விடிய விடிய நிற்கிறது என்றால் அங்கே அனுமதி இருக்கலாம், அல்லது இன்னும் அகப்படவில்லை, அவ்வளவுதான். ஸ்டீல்ஸ் வீதியைத் தாண்டினால் ஊர் மாறுகிறது, விதியும் மாறுகிறது. பக்கத்து ஊர்க்காரர் சொன்னதை வைத்துக் கார் விட்டு ரிக்கெற் வாங்கிய குடும்பங்கள் நிறைய.

பலகையைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். ஊர் முழுவதற்கும் பொதுவான விதிக்கு ஒவ்வொரு வீதியிலும் பலகை நடுவதில்லை. நகர எல்லையில், உள்ளே வரும் பெரிய வீதியோரத்தில் நட்டிருப்பார்கள். வேலைக்குப் போய் வரும் வழியில் பார்த்துக்கொண்டு வாருங்கள், தட்டுப்படும். இத்தனை வருடம் அதைக் கடந்துதான் போயிருப்பீர்கள்.

இனி, ஸ்னோ இல்லாத இரவில் ஏன் என்பதற்கு வருகிறேன். இதை விதியாகச் சொன்னால் மனம் ஏற்காது. பனி வழிக்கும் ப்ளவ் ட்ரக்கின் உள்ளே இருந்து பார்த்தால் விளங்கும். பைலோ வேலைக்கு வருவதற்கு முன் மூன்று குளிர்காலம் நான் அந்த ட்ரக் ஓட்டினேன்.

பனி கொட்டி முடிந்த பிறகுதான் எங்கள் வேலை சிறிய வீதிகளுக்குள் நுழையும். முதலில் பெரிய சாலைகள், பஸ் ஓடும் வீதிகள், வைத்தியசாலைக்குப் போகும் வழிகள். உங்கள் வீதி போன்ற குடியிருப்பு வீதிகள் கடைசியில். ஒன்ராறியோவில் நகரசபைகளுக்கு இதற்கென்று ஒரு குறைந்தபட்சத் தரம் இருக்கிறது, ஒழுங்குவிதி 239/02. வாகன ஓட்டத்தையும் வேகத்தையும் வைத்து வீதிகளை வகுப்பு வகுப்பாகப் பிரித்திருக்கிறார்கள். முதல் வகுப்பு நெடுஞ்சாலையில் 2.5 சென்ரிமீற்றர் சேர்ந்தால் 4 மணித்தியாலத்துக்குள் எடுக்க வேண்டும். ஐந்தாம் வகுப்பில் 10 சென்ரிமீற்றருக்கு 24 மணித்தியாலம் இருக்கிறது. ஆக, செவ்வாய் பகலில் கொட்டிய பனியை உங்கள் வீதியில் எடுப்பது புதன் அதிகாலையாக இருக்கலாம். அந்த அதிகாலை வானத்தில் நட்சத்திரம் தெரியும். ஆனால் ட்ரக் வரும் இரவு அதுதான்.

ஸ்னோவே கொட்டாத கிழமையிலும் வேலை இருக்கிறது. பகலில் உருகிய தண்ணீர் இரவில் கண்ணாடியாக உறையும், உப்புப் போட வேண்டும். மைனஸ் 12 பாகைக்குக் கீழே போனால் உப்பு மெதுவாகத்தான் வேலை செய்யும், மணலும் கொண்டுபோவோம். ஓரத்தில் மலையாகக் குவிந்து வீதியைச் சுருக்கிய பனியைப் பின்னுக்குத் தள்ள வேண்டும். எந்த இரவில் எந்த வீதி என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது, வானிலை ஒருபுறம், பழுதாகும் ட்ரக் ஒருபுறம். அதனால்தான் எல்லா இரவிலும் அந்த நாலு மணித்தியாலம் வீதி வெறுமையாக இருக்கவேண்டும் என்று வைத்திருக்கிறார்கள்.

ஒரு இரவைச் சொல்கிறேன். முட்டுவீதி ஒன்று. அதிகாலை மூன்றரை இருக்கும். வாசலில் இடது பக்கம் ஒரு கார், அதற்கு நேரெதிரே வலது பக்கம் ஒரு வான். இரண்டையும் வைத்தவர்கள் தங்கள் வாசலில் ஒதுக்கித்தான் வைத்திருந்தார்கள். எட்டரை மீற்றர் அகலமான வீதியில் இரு பக்கமும் இரண்டிரண்டு மீற்றர் போனால் மிச்சம் நாலரை. ஓரத்தில் குவிந்த பனி அதிலும் ஒரு மீற்றரைச் சாப்பிட்டிருந்தது. என் ட்ரக்கின் முன்னால் இருக்கும் பிளேட் மூன்று மீற்றருக்கு மேல். கண்ணாடியை இறக்கித் தலையை வெளியே நீட்டி, காரின் கண்ணாடிக்கும் பிளேட் முனைக்கும் நடுவே ஒரு சாண் இடைவெளியில் இரண்டு அடி போனேன். உறைந்த தரையில் ட்ரக் ஒரு பக்கம் வழுக்கியது. அதோடு நிறுத்தி, பீப் பீப் என்று சத்தம் போட்டுப் பின்னால் வந்துவிட்டேன். அந்த வீதியில் பதினெட்டு வீடு. இரண்டு வாகனத்தால் பதினெட்டு வீட்டுக்கும் அன்று வீதி வழிக்கப்படவில்லை. காலையில் ஏழு மணிக்கு நகரசபைக்குப் போன் பண்ணிச் சத்தம் போட்டவர்களில் அந்த வான்காரரும் ஒருவர்.

பைலோ வேலைக்கு வந்த பிறகு வேறொன்றைப் பார்த்தேன். அன்றும் இரு பக்கமும் கார் நின்ற, வழிக்காமல் விட்டுப்போன ஒரு வளைவு வீதி. அம்புலன்ஸ் உள்ளே வர முடியாமல் முனையில் நின்றது. இரண்டு பேர் ஸ்ட்ரெச்சரை வீதி நடுவால் இழுத்துக்கொண்டு போனார்கள். கணுக்கால் வரை பனி. ஸ்ட்ரெச்சர் சக்கரம் பனியில் உருளாது, புதையும். பிறகு தூக்கினார்கள். அதில் கிடந்த அம்மாவுக்கு என் அம்மாவின் வயது. போர்வைக்கு மேல் இன்னொரு போர்வை போட்டிருந்தார்கள். ஏழு வீட்டுத் தூரம். நான் ரிக்கெற் எழுதவந்த கையோடு ஸ்ட்ரெச்சரின் ஒரு முனையைப் பிடித்தேன். அதற்குப் பிறகு எவர் வந்து "வெறும் காசு பிடுங்குகிற விதி" என்று சொன்னாலும் எனக்குப் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

2025 பெப்ரவரியில் ரொறன்ரோ வட்டாரத்தில் பத்து நாளுக்குள் 50 சென்ரிமீற்றருக்கு மேல் கொட்டியது உங்களுக்கு நினைவிருக்கும். ஃபாமிலி டே வாரவிடுமுறையையும் அது விழுங்கியது. அப்போது வீதிகள் ஒரு கார் போகும் அகலத்துக்குச் சுருங்கிப்போய் எத்தனை நாள் கிடந்தன. அந்த மாதிரிச் சமயத்தில் வீதியில் நிற்கும் ஒவ்வொரு காரும் ஓரத்தில் ஒரு பனிப் பாறையை உண்டாக்குகிறது. ட்ரக் அதைச் சுற்றிப் போகும், பனி காரைச் சுற்றிக் குவியும், இரவில் கல்லாகும். பிறகு காரை எடுத்தாலும் அந்த மேடு பங்குனி வரை அப்படியே இருக்கும்.

நெடுஞ்சாலைப் போக்குவரத்துச் சட்டத்திலும் பனி அகற்றுவதற்கு இடைஞ்சலாக வாகனம் விடக்கூடாது என்று நேரடியாக எழுதியிருக்கிறது, பிரிவு 170. இதில் வாகனத்தை இழுத்துக்கொண்டு போகவும் இடமுண்டு. அந்தச் செலவும் வைத்திருக்கும் கட்டணமும் வாகனக்காரர் தலையில்தான். உங்களுக்கு இதுவரை ரிக்கெற்றோடு போனது நல்லகாலம்.

எதிர்வீட்டுக்காரர் விஷயம். அவர் போன் பண்ணினாரோ இல்லையோ எனக்குத் தெரியாது, உங்கள் கணவருக்கும் தெரியாது. முறைப்பாடு செய்தவர் பெயரை நகரசபை சொல்லாது. ஆனால் குளிர்கால இரவுகளில் நாங்கள் போன் வந்துதான் போவோம் என்றில்லை. பகுதி பகுதியாக ரோந்து போவோம். பகலில் 3 மணித்தியால விதி என்றால் சக்கரத்துக் காற்று வால்வு மணிக்கூட்டில் எத்தனை மணி இருக்கும் இடத்தில் நிற்கிறது என்று குறித்துவைத்து, திரும்பி வந்து பார்க்கவேண்டும். இரவு விதிக்கு அந்த வேலை இல்லை. இரண்டு மணிக்குப் பிறகு கார் நிற்கிறதா, படம் எடு, எழுது, அடுத்த வீதி. உங்கள் வீதியில் இரண்டு கார் மட்டும் தனியே நின்றால் தூரத்திலேயே தெரியும். அந்த மனிதரோடு பகை வளர்க்காதீர்கள். கீழே சொல்லப்போகும் ஒரு யோசனைக்கு அவர்கூடத் தேவைப்படலாம்.

தம்பியின் ரிக்கெற்றுக்கு வருகிறேன். இதில் என் மனதில் இருப்பதைச் சொல்லிவிடுகிறேன், குறை நினைக்கவேண்டாம். சட்டப்படி ரிக்கெற் வாகனம் யார் பெயரில் இருக்கிறதோ அவருக்குத்தான், தம்பிதான் பொறுப்பு. ஆனால் உங்கள் வீட்டுக்குப் புதிதாக வந்த பிள்ளை உங்கள் சொல்லை நம்பி விட்டிருக்கிறது. வீதியில் விடலாம் என்று நீங்கள் சொன்னீர்கள். அந்தக் காசை நீங்கள் கட்டுங்கள். இன்றைக்கே கட்டுங்கள். பிந்தினால் மேலதிகக் கட்டணம் சேரும், அதை அந்தப் பிள்ளை சுமக்கக்கூடாது.

அடுத்து, வாடகை ஒப்பந்தத்தை எடுத்துப் பாருங்கள். 2018 ஏப்ரல் 30க்குப் பிறகு ஒன்ராறியோவில் எல்லோரும் பாவிக்கவேண்டிய பொதுப் படிவத்தில், வாடகைக்குக் கொடுக்கும் இடம் எது என்று எழுதும் பகுதியிலேயே வாகனத் தரிப்பிடம் எத்தனை, எங்கே என்று நிரப்ப ஒரு கோடு இருக்கிறது. நம் வீடுகளில் பெரும்பாலும் அது வெறுமையாகக் கிடக்கும், அல்லது அந்தப் படிவமே இருக்காது. ஒன்று என்று எழுதியிருந்தால் அது அவர் வாடகையோடு வாங்கிய இடம். உங்கள் கார் வெளியே போகவேண்டுமே தவிர அவருடையது இல்லை. கொடுத்த இடத்தைப் பிறகு எடுத்தால் வாடகையைக் குறைக்கச் சொல்லி அவர் வாடகை மன்றத்துக்குப் போகலாம். ஒன்றும் இல்லை என்று எழுதியிருந்தால், அதையே அவரிடம் வாயாலும் சொல்லியிருக்கவேண்டும். அடுத்த முறை ஆள் பார்க்க வரும்போதே, அறையைக் காட்டுவதற்கு முன்னால் காரைப் பற்றிக் கேளுங்கள்.

2022இல் மாகாண அரசு கொண்டுவந்த மாற்றத்தால் ஒரு வீட்டுக் காணியில் மூன்று குடியிருப்பு வரை வைக்கலாம், ஒவ்வொன்றுக்கும் ஒன்றுக்கு மேல் தரிப்பிடம் வேண்டும் என்று நகரசபை கட்டாயப்படுத்த முடியாது. குடும்பங்களுக்கு வீடு கிடைக்க அது நல்லது, நான் அதற்கு எதிரானவன் இல்லை. ஆனால் சட்டம் ஆட்களுக்கு இடம் தந்ததே தவிர, வீதியை ஒரு அடிகூட அகலமாக்கவில்லை.

சரி, காரை எங்கே வைப்பது? கராஜைத் திறந்து பாருங்கள். கடிதத்தில் ஒற்றைக் கராஜ் என்று எழுதிய நீங்கள், அதற்குள் என்ன நிற்கிறது என்று எழுதவில்லை. எனக்குத் தெரியும் சகோதரி, எங்கள் வீட்டிலும் அதுதான் இருந்தது. இரண்டாவது ஃபிரிட்ஜ், பொங்கல் கிடாரம், நாலு கோடைச் சக்கரம், அரிசி மூட்டை, பிள்ளைகளின் சின்னச் சைக்கிள், யாருக்கோ கொடுக்க வைத்த சோபா. ஒரு சனிக்கிழமை போதும். சக்கரங்களைச் சுவரில் கொழுவுங்கள், சோபாவைக் கொடுத்துவிடுங்கள், ஃபிரிட்ஜை ஒரு மூலைக்குத் தள்ளுங்கள். உங்கள் கார் உள்ளே போகும். மகளின் கார் ட்ரைவ்வேக்கு வரும். அதோடு நாலில் மூன்றுக்கு இடமாகிவிட்டது.

நாலாவதற்குத்தான் கணவர் கல்லுப் பதிக்கச் சொல்கிறார். கொந்தராத்துக்காரர் "எல்லாரும் செய்கிறார்கள்" என்பார். கேட்காதீர்கள். ட்ரைவ்வே எவ்வளவு அகலம் இருக்கலாம், வீட்டு முன்னால் எவ்வளவு மண்ணும் புல்லும் இருக்கவேண்டும் என்பதற்கு நகரசபையிடம் விதி இருக்கிறது. தண்ணீர் நிலத்துக்குள் இறங்கவேண்டும், பக்கத்து வீட்டு பேஸ்மென்ட்டுக்குள் இறங்கக்கூடாது. வீதியோரக் கொங்கிறீற் விளிம்பை (கர்ப்) வெட்டத் தனி அனுமதி. அளவுக்கு மேல் வேண்டும் என்றால் சிறு விலக்குக் கேட்டு அதற்கென்று உள்ள குழுவுக்கு விண்ணப்பிக்கலாம், அங்கே அயலவர்களுக்கும் அறிவித்தல் போகும். அனுமதி இல்லாமல் பதித்த கல்லைத் தோண்டி மறுபடி புல் போடச்சொல்லி நானே கடிதம் கொடுத்திருக்கிறேன். பதிக்க ஒரு செலவு, தோண்ட ஒரு செலவு. முதலில் நகரசபையில் உங்கள் வீட்டு இலக்கத்தைச் சொல்லிக் கேளுங்கள், பிறகு மற்றது.

கல்லை விட எனக்குப் பிடித்தது வேறொரு வழி. உங்கள் வீதியில் கார் ஓட்டுவதை விட்டுவிட்ட வயதானவர்கள் யாராவது இருப்பார்கள். அவர்களின் ட்ரைவ்வே வெறுமையாகக் கிடக்கும். மாதம் ஒரு சிறு தொகையும், தம்பி அவர்கள் வாசலைச் ஷவல் பண்ணிக் கொடுப்பதும் என்று பேசிக்கொள்ளுங்கள். நான் வேலை செய்த பகுதியில் இப்படி ஒரு தாத்தாவும் பேஸ்மென்ட்டில் இருந்த பொடியனும் ஐந்து வருடம் இருந்தார்கள். காலையில் வாசலில் ஆள் நடமாட்டம் இருக்கிறது என்று தாத்தாவின் மகளுக்கு நிம்மதி. அது எதிர்வீடாகக்கூட இருக்கலாம். பிளாசா தரிப்பிடத்தில் மட்டும் கேட்காமல் இரவில் விடாதீர்கள், அது தனியார் காணி, இழுத்துப்போவார்கள்.

ட்ரைவ்வேயில் நெருக்கி விடும்போது பின்பக்கம் நடைபாதைக்கு மேல் நீட்டாமல் பாருங்கள். நடைபாதைக்குத் தனியே ஒரு சின்ன யந்திரம் வரும், அதுவும் அதிகாலையில்தான். அதற்கும் ரிக்கெற் உண்டு.

ட்ரக் போன பிறகு வாசலை மறித்து ஒரு பனிவரம்பு கிடக்குமே, அதைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, என்றாலும் சொல்கிறேன். வாசலில் வீதியைப் பார்த்து நில்லுங்கள். உங்கள் இடது கைப்பக்கத்தில் இருந்துதான் ட்ரக் வரும். ட்ரைவ்வேக்கு இடது பக்கம் கர்ப் ஓரமாக ஒரு கார் அளவு இடத்தை முன்கூட்டியே வழித்து வையுங்கள். பிளேட்டில் இருக்கும் பனி அந்தக் குழிக்குள் இறங்கிவிடும், வாசலுக்குக் கொஞ்சம்தான் வரும். வழிக்கும் பனியை வலது பக்கத்தில் குவியுங்கள். வீதிக்குள் மட்டும் தள்ளாதீர்கள், அதே போக்குவரத்துச் சட்டத்தின் 181ஆம் பிரிவு அதைத் தடுக்கிறது.

ரிக்கெற்றால் சாரதி அனுமதிப்பத்திரத்தில் புள்ளி வெட்டுவார்களா, காப்புறுதி ஏறுமா என்று மகள் பயப்படலாம். வாகனம் நிறுத்திய ரிக்கெற்றுக்குப் புள்ளி இல்லை, காப்புறுதிக்கும் அது போவதில்லை. ஆனால் கட்டாமல் விட்டால் இலக்கத் தகடு புதுப்பிப்பது நிற்கும். முன்பு பிறந்தநாளுக்கு ஸ்ரிக்கர் வாங்கப் போகும்போது நிலுவை தெரியவரும். 2022இல் கட்டணமும் ஸ்ரிக்கரும் போய்விட்டது, 2024 ஜூலையில் இருந்து நிலுவை இல்லாதவர்களுக்குத் தானாகவே புதுப்பிக்கிறார்கள். நிலுவை உள்ளவருக்கு அது நடக்காது, அவர் அதைக் கவனிக்கமாட்டார். ஆகவே 9ஆம் திகதி ரிக்கெற்றை மறந்துவிடாதீர்கள்.

இனி மாமியின் திவசம். ஒரு இரவு, இரண்டு இரவு விருந்தினர் தங்குவதற்கு முன்கூட்டியே பதிந்தால் வீதியில் விட அனுமதி கொடுக்கும் முறை நகரசபைகளிடம் இருக்கிறது. காரின் இலக்கம், திகதி, உங்கள் முகவரி வேண்டும். ஒரு காருக்கு வருடத்தில் இத்தனை இரவு என்று வரையறை இருக்கும், ஆகவே சும்மா வந்துபோகும் நாட்களுக்கு அதைச் செலவழிக்காதீர்கள். பதிந்தபின் கிடைக்கும் இலக்கத்தை எழுதி வையுங்கள். பனி வழிக்கும் இரவில் அந்த அனுமதி செல்லாது என்றுதான் பெரும்பாலும் நிபந்தனை போட்டிருப்பார்கள், மார்ச்சிலும் இங்கே கொட்டும். அதனால் அனுமதியை மட்டும் நம்பாமல் இரண்டு காருக்கும் வேறு இடம் ஒன்றையும் கேட்டு வையுங்கள். தங்கச்சியின் ட்ரைவ்வேயில் இடம் இருந்தால் அது நல்லது.

மொன்றியல்காரர்களுக்கு இன்னொன்றும் சொல்லவேண்டும். அங்கே பனி அள்ள வரும்போது செம்மஞ்சள் பலகை வைப்பார்கள். வீதிக்குள் இறங்குவதற்கு முன் சைரன் ஊதிக்கொண்டு ஒரு வாகனம் வரும், சத்தம் கேட்டதும் எழும்பி ஓடிப்போய்க் காரை எடுப்பார்கள். அந்தப் பழக்கத்தில் இங்கேயும் சைரன் ஊதும் என்று நம்பித் தூங்கிவிடுவார்கள். இங்கே சைரன் இல்லை.

திவசத்துக்கு முதல் நாள் எல்லோரும் வந்து சேர்ந்ததும் கார்த் திறப்புகளை வாங்கி வாசல் மேசையில் ஒரு தட்டில் போட்டு வையுங்கள். ஒரு துண்டில் எந்தக் கார் எங்கே என்று எழுதி அதே தட்டில் வைக்கலாம். இரவு பத்தரைக்கு மகள் ஒருமுறை வானிலை பார்க்கட்டும். கொட்டும் என்றிருந்தால் அவளும் தம்பியுமாகப் போய் இரண்டு காரையும் தங்கச்சி வீட்டில் விடட்டும், உங்கள் கணவர் வானில் பின்னால் போய் அவர்களைக் கூட்டிவரட்டும். மாமா மச்சான்மாரை இரண்டு மணிக்கு எழுப்பத் தேவையில்லை.